இன்னொரு ஜீன்

கல்லூரி விடுதியில் மூன்றாம் வருடம் படிக்கும்போது ஒரு ஹார்ட் டிஸ்க் அறை அறையாகச் சுற்றிக்கொண்டிருந்தது. யாருடையது என்று கடைசிவரை தெரியவில்லை. எங்கள் அறைக்கு அது வந்தபோது அதில் ‘ஸ்டார் ட்ரெக்’ என்று ஒரு ஃபோல்டர் இருந்தது. 1966இல் அமெரிக்காவின் என்பிசி தொலைக்காட்சியில் தொடங்கிய பழைய தொடர். பேப்பர் கூழில் செய்த மாதிரி பாறைகள், பைஜாமா மாதிரி சட்டை போட்ட விண்வெளி வீரர்கள். சும்மா சிரிக்கலாம் என்றுதான் போட்டோம்.

நாங்கள் போட்டது ‘தி டெவில் இன் தி டார்க்’ என்ற பகுதி. ஜேனஸ் ஆறு என்ற கோளில் ஒரு சுரங்கம். பாறையைக் கரைத்துத் துளைபோடும் ஏதோ ஒரு ஜந்து தொழிலாளிகளை ஒவ்வொருவராகக் கொல்கிறது. ஐம்பது பேருக்கு மேல் செத்தாயிற்று. கேப்டன் கிர்க்கும் ஸ்பாக்கும் அதை வேட்டையாட வருகிறார்கள். ஜந்து திரையில் வந்தபோது அறையே வெடித்துச் சிரித்தது. தக்காளிச் சாறு ஊற்றிய மெத்தை ஒன்று தரையில் நகர்ந்து வருவதுபோல இருந்தது. பிறகு ஸ்பாக் அதன் மேல் கை வைத்துத் தன் மனத்தை அதன் மனத்தோடு இணைக்கிறார். வலியில் கத்துகிறார். சுரங்கம் முழுக்கக் கிடந்த உருண்டைக் கற்கள் எல்லாம் முட்டைகள். ஆயிரக்கணக்கில் அவற்றை உடைத்துத் தள்ளிவிட்டார்கள். கொலைகார மிருகம் என்று எல்லோரும் தேடியது பிள்ளைகளைப் பறிகொடுத்த ஒரு தாயை.

சிரிப்பு எந்த நிமிடத்தில் நின்றது என்று தெரியவில்லை. மறுநாள் இன்டர்னல் தேர்வு. யாரும் புத்தகத்தைத் தொடவில்லை.

எழுதியவர் பெயர் ஜீன் எல். கூன் என்று திரையில் வந்திருந்தது. நான் அதைக் கவனித்தேன், ஆனால் தப்பாகக் கவனித்தேன். ஸ்டார் ட்ரெக்கை உருவாக்கியவர் ஜீன் ராடன்பெரி என்று மட்டும் தெரியும். இரண்டும் ஒரே ஆள், ஏதோ ஸ்டைலுக்காகப் பெயரை மாற்றிப் போட்டிருக்கிறார் என்று நினைத்துக்கொண்டேன். பல வருடங்கள் அப்படியே நினைத்துக்கொண்டிருந்தேன். இதில் நான் தனி ஆள் இல்லை. தொடரின் ரசிகர்களே கூனை ‘இன்னொரு ஜீன்’ என்றுதான் சொல்வார்கள்.

யூஜீன் லீ கூன் 1924 ஜனவரியில் நெப்ராஸ்கா மாநிலத்தின் பியாட்ரிஸ் என்ற ஊரில் பிறந்தார். இரண்டாம் உலகப்போரில் அமெரிக்க மரைன் படையில் இருந்தார். பிறகு கொரியப் போருக்கும் போனார். போரிலிருந்து வந்தவர் எழுதிய முதல் நாவல், 1961இல் வெளியான ‘மீன்வைல் பேக் அட் தி ஃப்ரன்ட்’, கொரியாவில் ராணுவத்துக்கு விளம்பரச் செய்தி எழுதும் பிரிவை வைத்த நையாண்டி. தோட்டாவைவிட அறிக்கைக்கு அதிகம் பயப்படும் போர்க்களம். 1964இல் ‘தி ஷார்ட் எண்ட்’ என்று இன்னொரு நாவல். நாவலாசிரியராக அவரை யாரும் பெரிதாகக் கொண்டாடவில்லை. அதற்குள் அவர் தொலைக்காட்சிக்குள் முழுசாக இறங்கியிருந்தார்.

ஐம்பதுகளின் அமெரிக்கத் தொலைக்காட்சிக்குக் கதைப்பசி அதிகம். வாரத்துக்கு ஒன்று, ஒரு சீசனுக்கு முப்பதுக்கும் மேல் என்று எபிசோடுகளைத் தின்று தீர்க்கும். அந்த அடுப்பில் விறகு போட்டுக்கொண்டே இருந்தவர்களில் கூன் ஒருவர். ‘டிராக்நெட்’ என்ற போலீஸ் தொடர், ‘வேகன் ட்ரெய்ன்’, ‘பொனான்ஸா’ போன்ற குதிரைக்காரக் கதைகள் என்று எதைக் கேட்டாலும் எழுதினார். வேகம்தான் அவர் மூலதனம். சினிமாவிலும் அப்படியே. 1957இல் ‘தி கேர்ள் இன் தி க்ரெம்ளின்’ என்று ஒரு படம். ஸ்டாலின் சாகவில்லை, முகத்தை மாற்றிக்கொண்டு எங்கோ பதுங்கியிருக்கிறார் என்பது அதன் கதை. நம் ஊர் வாட்ஸப் ஃபார்வர்டுக்குச் சற்றும் குறைந்ததில்லை. திரைக்கதையில் கூனுக்கும் பங்கு உண்டு. அதே வருடம் ஆர்சன் வெல்ஸ் நடித்த ‘மேன் இன் தி ஷேடோ’வும் அவர் எழுதியதுதான். ஒரே ஆள்தானா என்று கேட்கத் தோன்றும்.

இந்தப் பட்டியலில் இரண்டு படங்களில் நான் கொஞ்சம் நிற்க வேண்டும். ஒன்று, 1959இல் வந்த ‘நோ நேம் ஆன் தி புல்லட்’. ஒரு சின்ன ஊருக்குக் கூலிக்கொலைகாரன் ஒருவன் வருகிறான். ஓட்டலில் அறை எடுத்துக்கொண்டு காபி குடிக்கிறான், சதுரங்கம் ஆடுகிறான். யாரைக் கொல்ல வந்திருக்கிறான் என்று யாருக்கும் தெரியாது. ஊரில் ஆளாளுக்கு ஒரு பழைய பாவம் இருக்கிறது. அவனவன் தன்னைத்தான் தேடி வந்திருக்கிறான் என்று நடுங்கி ஊரே உள்ளிருந்து உடைகிறது.

இன்னொன்று 1964இல் டான் சீகல் இயக்கிய ‘தி கில்லர்ஸ்’. ஹெமிங்வேயின் சிறுகதையிலிருந்து கிளம்பிய படம். அதே கதையை 1946இல் ஏற்கெனவே ஒருமுறை படமாக்கியிருந்தார்கள். அதில் கொலைக்குப் பின்னால் இருக்கும் மர்மத்தைத் துப்பறிபவர் ஒரு காப்பீட்டு நிறுவன ஆள். கூன் எழுதிய படத்தில் துப்பறிவது கொலைகாரர்களே. சாகப்போகிறோம் என்று தெரிந்தும் இவன் ஏன் ஓடவில்லை என்ற கேள்வி சுட்டவனையே அரிக்கிறது. தொலைக்காட்சிக்கென்று முழுநீளப் படம் எடுக்கும் அன்றைய புது முயற்சியாகத்தான் இதைத் தொடங்கினார்கள். வன்முறை அதிகம் என்று என்பிசி ஒதுக்கியதால் தியேட்டருக்குப் போனது. ரொனால்ட் ரீகன் வில்லனாக நடித்த படம் இது, அவருடைய கடைசிப் படமும் இதுதான். இரண்டு வருடம் கழித்து அவர் கலிபோர்னியா கவர்னர் தேர்தலில் ஜெயித்தார்.

இரண்டு படத்திலும் கூன் செய்வது ஒரே காரியம். பயப்பட வேண்டிய ஆள் என்று ஒருவனை நம் முன்னால் நிறுத்துகிறார். பிறகு கேமராவைச் சட்டென்று அவன் பக்கம் கொண்டுபோய் வைத்துவிடுகிறார்.

1966 ஆகஸ்டில் கூன் ஸ்டார் ட்ரெக்குக்கு வந்தார். முதல் ஒளிபரப்புக்கு ஒரு மாதம்தான் இருந்தது. கதைகளைத் திருத்திக்கொண்டிருந்த ஜான் டி. எஃப். பிளாக் விலகிவிட்டார். எல்லாவற்றையும் தன் தலையில் போட்டுக்கொண்டிருந்த ராடன்பெரி ஓய்ந்துபோயிருந்தார். ஒவ்வொரு எபிசோடையும் ஏறக்குறைய ஆறு நாளில் படம்பிடிக்க வேண்டும். ஆறாம் நாள் முடிந்தால் ஏழாம் நாள் அடுத்த கதை தயாராக இருக்க வேண்டும். டெட்லைன் பார்த்த எவருக்கும் இந்த வயிற்றெரிச்சல் புரியும். தயாரிப்பாளர் என்று பதவிக்குப் பெயர் இருந்தாலும், வந்து சேரும் திரைக்கதைகளைத் திருத்துவதும், திருத்த முடியாததைத் திரும்ப எழுதுவதும், ஒன்றும் வராதபோது தானே எழுதுவதும்தான் அவர் வேலை.

‘அரீனா’ அப்படி ஒரு வார இறுதியில் எழுதப்பட்டது என்பார்கள். பல்லி முகம் கொண்ட கோர்ன் என்ற அயல்கோள்வாசியும் கிர்க்கும் ஆளில்லாத பாறைவெளியில் தனியாக மோத வேண்டும். எழுதி முடித்தபின் கதைகளைச் சரிபார்க்கும் ஆய்வாளர்கள், இது ஃப்ரெட்ரிக் பிரவுன் 1944இல் எழுதிய சிறுகதை மாதிரியே இருக்கிறதே என்றார்கள். கூன் எப்போதோ படித்து மறந்ததாக இருக்க வேண்டும். பிரவுனிடம் உரிமை வாங்கி, கதை அவருடையது என்று திரையில் போட்டார்கள். ஆனால் இரண்டுக்கும் முடிவில் வித்தியாசம் உண்டு. பிரவுனின் நாயகன் எதிரியைக் கொல்கிறான். கூனின் கிர்க் கத்தியை ஓங்கிவிட்டு இறக்கிவிடுகிறான். எல்லைக் காவல் நிலையத்தைக் கோர்ன்கள் அழித்தது உண்மைதான். ஆனால் அது அவர்கள் மண்ணாக இருந்தால்? நாம்தான் படையெடுத்து வந்தவர்கள் என்று அவர்கள் நினைத்திருந்தால்? இந்தச் சந்தேகம் வந்த பிறகு கிர்க்கால் கொல்ல முடியவில்லை. 1967 ஜனவரி 19 அன்று, வியட்நாமில் அமெரிக்கப் படைகள் குவிந்துகொண்டிருந்த நேரத்தில், இது அமெரிக்க வீடுகளின் கூடத்தில் ஓடியது.

அடுத்த இரண்டு மாதங்களை நினைத்தால் எனக்கு இன்றும் தலை சுற்றுகிறது. பிப்ரவரி 16இல் ‘ஸ்பேஸ் சீட்’. கேரி வில்பர் கொண்டுவந்த கதையில் வில்லன் ஒரு வடக்கு ஐரோப்பியன், சாதாரணக் குற்றவாளி. கை மாறி மாறி அது கான் நூனியன் சிங் ஆனது. மரபணு மேம்பாட்டில் உருவான சர்வாதிகாரி, வட இந்தியாவைச் சேர்ந்த சீக்கியர். கானும் சிங்கும் ஒரே பெயரில் எப்படி வந்தார்கள் என்று பஞ்சாபில் யாரையும் கேட்டதாகத் தெரியவில்லை. நடித்தவர் மெக்ஸிகோக்காரரான ரிக்கார்டோ மோண்டல்பான். தாடி கிடையாது. தலைப்பாகை கதைக்குள் வரும் ஒரு ஓவியத்தில் மட்டும். சிரிக்காமல் இருக்க முடியாது. ஆனாலும் 1967இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒரு இந்தியப் பெயர் பாம்பாட்டிக்கோ சமையல்காரனுக்கோ போகாமல், நாயகனே வியக்கும் அறிவாளிக்குப் போயிருக்கிறது.

பிப்ரவரி 23இல் ‘எ டேஸ்ட் ஆஃப் ஆர்மகெடன்’. ராபர்ட் ஹாம்னரின் கதை, திரைக்கதை அவரும் கூனும். இரண்டு கோள்கள் ஐந்நூறு வருடமாகப் போர் செய்கின்றன, கணினியில் மட்டும். குண்டு விழுவதில்லை, கட்டடம் இடிவதில்லை. இந்தத் தாக்குதலில் இன்னின்னார் இறந்தார்கள் என்று கணினி சொன்னால், அவர்கள் தாங்களாகவே வரிசையில் போய் நின்று ஓர் அறைக்குள் நுழைந்து மறைந்துவிட வேண்டும். தினமும் டாஷ்போர்டில் பச்சை, சிவப்பு எண்களைப் பார்த்துச் சம்பளம் வாங்குகிறவன் நான். அந்த வரிசையின் சுத்தமும் ஒழுங்கும் எனக்குத் தனியாக உறைத்தது. ஐக்கியக் கோள்களின் கூட்டமைப்பு என்ற முழுப்பெயர் தொடரில் முதலில் ஒலித்ததும் இந்தப் பகுதியில்தான். அதுவரை கிர்க் யாருக்காகப் பறக்கிறார் என்பதில் தொடருக்கே தெளிவில்லை.

மார்ச் 9இல் எங்கள் விடுதி மெத்தை. யானோஸ் ப்ரோஹாஸ்கா என்ற சாகச நடிகர் தானே செய்த ஜந்து உடைக்குள் புகுந்து அலுவலகத்தில் ஊர்ந்து காட்ட, அதைப் பார்த்துத்தான் கூன் கதை எழுதினார் என்று சொல்வார்கள். முதலில் உடை வந்தது, பிறகு கதை, அப்புறம்தான் அந்தத் தாய். மார்ச் 23இல் ‘எர்ரண்ட் ஆஃப் மெர்ஸி’. க்ளிங்கான்கள் முதன்முதலில் வந்தது இதில்தான். கிர்க்கும் க்ளிங்கான் தளபதியும் ஒரு அப்பாவிக் கோளுக்காகச் சண்டைக்கு நிற்கிறார்கள். ஆட்டுமந்தை மாதிரி இருந்த அந்தக் கோளின் கிழவர்கள் திடீரென்று இரண்டு படைகளின் ஆயுதங்களையும் தொட முடியாதபடி சூடாக்கிவிடுகிறார்கள். போர் ரத்து. உடனே கிர்க் ஆத்திரப்படுகிறார், எதிரியோடு தோளோடு தோள் நின்று தங்கள் போர் உரிமைக்காக வாதாடுகிறார். பேசிக்கொண்டிருக்கும்போதே தான் என்ன பேசுகிறோம் என்று அவருக்கு உறைக்கிறது. இரண்டு போர் பார்த்த மரைன்தான் இந்தக் காட்சியை எழுதியிருக்க முடியும் என்று எனக்குத் தோன்றும். நிரூபிக்க வழியில்லை.

நிரூபிக்க வழியில்லை என்பதுதான் இந்தக் கட்டுரையில் என்னைப் படுத்தும் விஷயம். பிற நாகரிகங்களில் தலையிடக் கூடாது என்ற புகழ்பெற்ற விதி கூன் கொண்டுவந்தது என்பார்கள். ஆனால் அது முதலில் வரும் பகுதியின் கதை ராடன்பெரியுடையது, திரைக்கதை போரிஸ் சோபல்மன் பெயரில். க்ளிங்கான்களைப் படைத்தது கூன். அந்தப் பெயரோ ராடன்பெரியோடு போலீஸில் வேலை பார்த்த கிளிங்கன் என்ற அதிகாரியிடமிருந்து வந்தது. ‘தி சிட்டி ஆன் தி எட்ஜ் ஆஃப் ஃபாரெவர்’ ஹார்லன் எலிசன் எழுதியது. அதில் கூன் உட்படப் பலர் கைவைத்தார்கள், திரையில் எலிசன் பெயர் மட்டும். தன் பிரதியைச் சிதைத்துவிட்டார்கள் என்று எலிசன் சாகும்வரை சண்டை போட்டார். திருத்தியவனுக்குப் பெயரும் இல்லை, திட்டு மட்டும் உண்டு.

எங்கள் தொழிலில் ‘கிட் பிளேம்’ என்று ஒரு கட்டளை இருக்கிறது. ஒரு நிரலின் ஒவ்வொரு வரியையும் யார், எப்போது எழுதினார் என்று அது காட்டும். என் முதல் வேலையில் ஒரு சீனியர் இருந்தார். எல்லோரும் பயந்து விலகிய ஒரு பெரிய மாட்யூலை எட்டு மாதம் உட்கார்ந்து வரிவரியாகத் திருத்தி எழுதினார். டெமோ அன்று மேடையில் வேறொருவர் பேசினார், அதை அண்ணன் பொருட்படுத்தவே இல்லை. அவர் வேறு இடத்துக்குப் போன பிறகு, பழைய எஸ்விஎன் களஞ்சியத்தைக் கிட்டுக்கு மாற்றும் வேலை என்னிடம் வந்தது. வரலாற்றோடு மாற்றினால் மூன்று நாள் ஆகும், வரலாறு இல்லாமல் மாற்றினால் ஒரு மதியம். நான் ஒரு மதியத்தில் முடித்தேன். இன்றைக்கும் அந்த மாட்யூலில் பிளேம் போட்டால் பன்னிரண்டாயிரம் சொச்சம் வரிகளுக்கு எதிரே என் பெயர் வரும். புதிதாகச் சேர்ந்த ஒரு பையன், “செமயா எழுதியிருக்கீங்கண்ணா” என்றான். அன்று ராத்திரிதான் கூனைப் பற்றித் தேடித்தேடிப் படிக்க ஆரம்பித்தேன்.

கூனை நல்லவர், ராடன்பெரியைத் திருடர் என்று எழுதிவிட்டால் வேலை சுலபம். அது நியாயமும் இல்லை. கப்பலும் அதற்குள் எல்லா நிறத்து மனிதர்களையும் உட்காரவைத்த தீர்மானமும் ராடன்பெரியுடையவை. கூன் அந்தக் கப்பலுக்கு எதிரே ஆட்களைக் கொண்டுவந்து நிறுத்தினார், அவர்களுக்கு ஒரு நியாயத்தையும் கொடுத்தார். கப்பலுக்குள்ளே சிரிப்பையும் கொண்டுவந்தார். ஸ்பாக்கும் டாக்டர் மெக்காயும் ஓயாமல் வாரிக்கொள்வது இவர் கையில்தான் பழுத்தது. டேவிட் ஜெரால்ட் என்ற, இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த பையன் கொண்டுவந்த கதையை எடுத்து, அவனோடு உட்கார்ந்து திருத்தவைத்தார். ‘தி ட்ரபிள் வித் ட்ரிபிள்ஸ்’ 1967 டிசம்பரில் வந்தது, இன்றுவரை அந்தத் தொடரில் அதிகம் சிரிக்கவைத்த பகுதி அது. இந்தச் சிரிப்பு ராடன்பெரிக்குப் பிடிக்கவில்லை, அதுதான் உரசல் என்று ஒரு பேச்சு உண்டு. கூன் களைத்துப்போயிருந்தார் என்றும் சொல்வார்கள். ட்ரிபிள்ஸ் ஒளிபரப்பாகும்போது அவர் தயாரிப்பாளர் நாற்காலியில் இல்லை. இரண்டாம் சீசனின் நடுவிலேயே ஜான் மெரிடித் லூகாஸ் அந்த இடத்துக்கு வந்துவிட்டார். மொத்தம் ஒரு வருடத்துக்குக் கொஞ்சம் கூட.

யுனிவர்சலுக்குப் போன கூன் ‘இட் டேக்ஸ் எ தீஃப்’ தொடரில் வேலை பார்த்தார். ஆனால் ஸ்டார் ட்ரெக்கிலும் கதை பாக்கி இருந்தது. மூன்றாம் சீசனுக்கு லீ க்ரோனின் என்ற புனைபெயரில் கொடுத்தார். அவற்றில் ஒன்று ‘ஸ்பாக்ஸ் பிரெய்ன்’. ஸ்பாக்கின் மூளையை யாரோ திருடிக்கொண்டு போய்விடுகிறார்கள், மீதி உடம்பை ரிமோட்டில் நடக்கவைத்துக் கூட்டிக்கொண்டு மூளையைத் தேடுகிறார்கள். தொடரின் மிக மோசமான பகுதி எது என்று கேட்டால் ரசிகர்கள் யோசிக்காமல் இதைச் சொல்வார்கள். நானும் பார்த்தேன், சொல்வது சரிதான். வேறு பெயரில் எழுதியது நல்லதாகப் போயிற்று என்று நினைத்துக்கொண்டேன். அவசரத்தில் அற்புதம் செய்த கைதான் அவசரத்தில் இதையும் செய்தது.

கூன் விடாமல் புகைப்பவர். 1973 ஜூலை 8 அன்று லாஸ் ஏஞ்சல்ஸில் நுரையீரல் புற்றுநோயில் இறந்தார். வயது 49. 79 எபிசோடுகளோடு 1969இல் நிறுத்தப்பட்ட ஸ்டார் ட்ரெக் அப்போது மறுஒளிபரப்பில் மெல்ல எழுந்துகொண்டிருந்தது. 1972 ஜனவரியில் நியூயார்க்கில் ரசிகர்கள் கூட்டிய முதல் பெரிய மாநாட்டுக்குச் சில நூறு பேர் வருவார்கள் என்று எதிர்பார்த்தார்கள், ஆயிரக்கணக்கில் வந்தார்கள். எழுபதுகள் முழுக்க ராடன்பெரி கல்லூரி கல்லூரியாகப் போய்த் தொடரின் லட்சியம் பற்றிப் பேசினார். மாணவர்கள் கேட்டார்கள், அவர் பதில் சொன்னார். 1979இல் சினிமா வந்தது, 1982இல் கான் திரும்ப வந்தார், 2013இல் பெனடிக்ட் கம்பர்பேட்ச் வடிவில் மறுபடியும் வந்தார். க்ளிங்கான்களுக்குத் தனி மொழியும் இலக்கணமும் அகராதியும் ஆயிற்று. கூன் பெயரை இடைவிடாமல் சொன்னவர்கள் அவரோடு வேலை பார்த்தவர்கள். ஜெரால்ட் சொன்னார், கிர்க்காக நடித்த வில்லியம் ஷாட்னரும் சொன்னார். ஷாட்னருக்கு மிகப் பிடித்த பகுதி அந்தத் தாய் ஜந்துவின் கதை. அதைப் படம்பிடிக்கும்போதுதான் அவருடைய அப்பா இறந்தார்.

சாவதற்கு முன் கூன் கடைசியாக ராடன்பெரியோடு சேர்ந்துதான் எழுதினார். ‘தி குவெஸ்டர் டேப்ஸ்’ என்ற தொலைக்காட்சிப் படம். தன்னைச் செய்தவரைத் தேடிப்போகும் ஒரு ஆண்ட்ராய்டின் கதை. அதன் நிரல் பதிந்த நாடாவில் பாதி அழிந்துவிட்டதால், தன்னை எதற்காகச் செய்தார்கள் என்பதே அதற்குத் தெரியாது. 1974 ஜனவரியில் ஒளிபரப்பானபோது கூன் இறந்து ஆறு மாதம் ஆகியிருந்தது. இந்த முறை இரண்டு ஜீன்களின் பெயரும் சேர்ந்தே வந்தன.

இதை எழுதத் தொடங்கிய வாரம் அந்த சீனியருக்கு ஃபோன் செய்து களஞ்சிய விஷயத்தைச் சொன்னேன். இத்தனை வருடம் கழித்து. கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம், “டேய், அந்த டைம்ஸோன் பக் இன்னும் இருக்கா, யாராச்சும் சரி பண்ணிட்டாங்களா?” என்று கேட்டார்.